ஞாயிறு கால்பந்து ஆட்டத்துக்கு முன்னால் படித்துவிடு

என் செல்லத்துக்கு,

வாட்ஸப்பில் எழுதினால் "எல்லாம் நல்லா இருக்கும்மா" என்று ஒரு வரி போட்டு, கூடவே ஒரு கட்டைவிரலையும் அனுப்பி முடித்துவிடுவாய். அதனால்தான் காகிதம் எடுத்தேன். எதிர்வீட்டு லாரிக்காரர் இந்த வாரம் உங்கள் ஊர் வழியாகச் சரக்கு ஏற்றிப் போகிறார். அவரிடம் கோவாலியோ சீஸ் இரண்டு கட்டியும் புட்டி நெய்யும் கொடுத்திருக்கிறேன். கடிதம் சீஸ் பைக்குள் இருக்கும். சீஸை உன்னோடு தங்கியிருக்கும் பையன்களுக்கும் கொடு. கடிதத்தை மட்டும் தனியாக உட்கார்ந்து படி.

இங்கே பிரேசிலின் வடகிழக்கு மூலையில், நம் காம்பினா கிராண்டியில் மழை விடவே இல்லை. சந்தையில் நம் கடைக்கு முன்னால் கணுக்கால் அளவு சேறு. சாவோ ஜோவாவோ திருவிழா முடிந்து, பார்க்கி தோ போவோ திடலில் மேடையைப் பிரிக்கிறார்கள். சாவோ ஜோவாவோ ராத்திரி வாசலில் நெருப்பு மூட்டினோம். நீ கூப்பிடுவாய் என்று உன் தங்கை போனை மடியிலேயே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நீ கூப்பிடவில்லை. போகட்டும். அவளுக்கு நர்சிங் பரீட்சை முடிந்தது, நன்றாக எழுதியிருக்கிறாள். அப்பாவுக்குக் கண் அப்படியேதான் இருக்கிறது. எஸ்.யு.எஸ். அரசு மருத்துவ வரிசையில் பெயர் கொடுத்தாயிற்று, அவர்கள் கூப்பிடும்போது ஆபரேஷனுக்குப் போய்க்கொள்வோம். அதற்காக யாரும் எதையும் விற்க வேண்டாம், யாரிடமும் எதையும் வாங்க வேண்டாம். இதைப் போனிலேயே சொன்னேன். திரும்பவும் சொல்கிறேன்.

பணம் வந்தது. செவ்வாய்க்கிழமை ராத்திரி, பிக்ஸ் வங்கிப் பரிமாற்றத்தில், நாலாயிரம் ரியால். "அப்பா கண்ணுக்கு" என்று மட்டும் எழுதியிருந்தாய். முதலில் சந்தோஷமாகத்தான் இருந்தது. என் மகன் அனுப்பியிருக்கிறான் என்று பக்கத்துக் கடைக்காரியிடம்கூடச் சொன்னேன். ராத்திரி படுத்த பிறகு மனசு கணக்குப் போட ஆரம்பித்துவிட்டது. மே மாதச் சம்பளமே கிளப் தரவில்லை என்று தங்கையிடம் சொல்லியிருக்கிறாய். உன் வேலைக் கார்டில் ஏறியிருப்பது குறைந்தபட்சக் கூலி மட்டும்தான். மீதியை இமேஜ் உரிமை, அதாவது உன் பெயரையும் படத்தையும் பயன்படுத்துவதற்கான கூலி, என்று தனிக் காகிதத்தில் எழுதிக்கொடுத்தார்கள், அது ஒரு மாதமும் முழுசாக வந்ததில்லை. ஜெயித்த நாளில் கையில் கொடுக்கும் பிஷோவாக இருக்குமோ என்றும் நினைத்துப் பார்த்தேன். ஆனால் அந்த ஞாயிறு நீங்கள் தோற்றீர்கள்.

நான் எதுவும் கேட்கவில்லை. கணக்குப் போட்டேன் என்று சொல்கிறேன், அவ்வளவுதான்.

வேளாவேளைக்குச் சாப்பிடு. கணுக்காலுக்கு ஐஸ் வை. ஈர மெத்தையில் படுக்காதே, மாற்றித் தரச் சொல்லிக் கேள், கேட்டால் ஒன்றும் குறைந்துவிடாது. தெரியாத நம்பரிலிருந்து அழைப்பு வந்தால் எடுக்காதே. ஆட்டம் முடிந்ததும் புதிதாக யாராவது வந்து தோளில் கை போட்டு, சாப்பிடப் போகலாம் வா என்றால் போகாதே.

நீங்கள் தோற்ற அந்த ஆட்டத்தைத் தங்கை எனக்குப் போனில் போட்டுக்கொடுத்தாள். படம் விட்டுவிட்டுத்தான் வந்தது. ஆனாலும் 24-ஆவது நிமிடத்தை நன்றாகப் பார்த்தேன். நடுக்கோட்டுக்குப் பக்கத்தில் நின்றாய். பந்து வெளிக்கோட்டை நோக்கி உருண்டுகொண்டிருந்தது. எதிரணிப் பையன் உங்கள் கோலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான். உனக்குப் பின்னால் நாலு பேர் இருந்தார்கள். ஆபத்து என்று எதுவும் இல்லை. நீ இரண்டு கையாலும் அவன் சட்டையைப் பிடித்து இழுத்தாய். விசில் ஊதிய பிறகும் விடவில்லை. மஞ்சள் அட்டை. நடுவர் அட்டையைத் தூக்கியபோது நீ அவர் முகத்தைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்தாய்.

உன் ஃபவுல் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாதா? எதிரணி பந்தைப் பறித்துக்கொண்டு வேகமாக ஏறும்போது, பின்னால் ஆள் குறைவாக இருந்தால், காலை நீட்டி ஆளை நிறுத்துவாய். அட்டை வாங்குவாய். வாங்கிய பிறகு நடுவரோடு மல்லுக்கு நிற்பாய். வோலாந்தே ஆடுகிறவன் வேலையே அதுதான், தற்காப்புக்கு முன்னால் நின்று உடைக்கிற வேலை என்று எனக்குச் சொல்லிக்கொடுத்ததே நீதான். சின்ன வயதிலிருந்து பார்க்கிறேன், ஒரு நாளும் நீ தரையைப் பார்த்துக்கொண்டு அட்டை வாங்கியதில்லை.

களைப்பாக இருந்திருக்கலாம். ராத்திரியெல்லாம் பஸ்ஸில் உட்கார்ந்து போய் இறங்கி ஆடினீர்கள் என்று தங்கை சொன்னாள்.

அப்பாவால் போன் திரையைப் பார்க்க முடியாது, அவர் வானொலியில் கேட்டார். மஞ்சள் அட்டை என்று சொன்னதும், "பார்த்தாயா, நம்ம பையன் உடம்பைப் போட்டு ஆடுகிறான்" என்றார். நான் வாயைத் திறக்கவில்லை.

அவருக்குச் செய்தி படித்துக்காட்டுவது இப்போது என் வேலை. கோயானியாவில் வில நோவா கிளப்பில் 2022 கடைசியில் நடந்தது உனக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். பி டிவிஷனின் கடைசிச் சுற்று. முதல் பாதியில் எதிரணிக்கு ஒரு பெனால்டி விட்டுக்கொடுத்தால் பந்தயக்காரர்கள் 1,50,000 ரியால் தருவதாகப் பேச்சு, அதற்கு முன்பணம் 10,000. வாங்கியவன் உன்னை மாதிரி நடுக்களத்து ஆட்டக்காரன். அன்றைக்கு அவன் ஆடவே இல்லை. கூட ஆடுகிறவர்களை இழுக்கப் பார்த்தான், ஒன்றும் நடக்கவில்லை. பந்தயக்காரர்கள் தங்கள் நஷ்டத்தை அவன் தலையில் கட்டி நெருக்கினார்கள். விஷயம் கிளப் தலைவர் காதுக்கு எட்டியது. அவர் போலீஸ்காரர். மூடி மறைக்காமல் நேராக அரசு வழக்கறிஞர்களிடம் கொண்டுபோனார். அங்கிருந்து நூல் பிடித்துப் போனால், ஏ டிவிஷன் வரைக்கும் மஞ்சள் அட்டைக்கு விலை வைத்திருக்கிறார்கள். அந்தப் பையனுக்கு வாழ்நாள் தடை. சட்டத்தில் இதற்கு இரண்டிலிருந்து ஆறு வருஷம் சிறை என்று இருக்கிறது.

எனக்குப் பட்டதைச் சொல்கிறேன். அந்தப் பத்தாயிரம் பெனால்டிக்காகக் கொடுத்ததே இல்லை, ஆளைக் கட்டிப்போடக் கொடுத்தது. கன்றுக்குட்டி கழுத்தில் போடுகிற முதல் கயிறு மெல்லிசாகத்தான் இருக்கும். ஏ டிவிஷன்காரனுக்கு நிறையக் கொடுக்க வேண்டும், டி டிவிஷனில் மலிவாக முடிந்துவிடும். கேமராவும் அதிகம் இல்லை, பார்க்கிற கூட்டமும் இல்லை, சம்பளம் வராத பையன்கள் விடுதியில் சும்மா கிடக்கிறார்கள். பசி எங்கே இருக்கிறது என்று அவர்களுக்கு நன்றாகத் தெரியும். 2018-ல் நம் பரைபா மாநிலத்திலேயே ஆட்ட முடிவுகளை விலை பேசினார்கள் என்று போலீஸ் வீடு வீடாகப் போனது ஞாபகம் இருக்கும். அப்போது நீதான் சொன்னாய், "இவங்களாலதான்மா எங்க பேரும் கெடுது" என்று. சாப்பாட்டு மேசையில், தட்டைத் தள்ளிவைத்துவிட்டுச் சொன்னாய்.

தெரியாத நம்பரை எடுக்காதே. தெரிந்தவன் நம்பராக இருந்தாலும், பணப் பேச்சு எடுத்தால் வைத்துவிடு.

உன்னைக் குறை சொல்ல இதையெல்லாம் எழுதவில்லை. உன்னைப் பெற்றதில் எனக்கு இருக்கும் பெருமையை யாரிடமும் முழுசாகச் சொன்னதில்லை. பதினைந்து வயதில் பெனெய்ரா என்கிற ஆள்தேர்வுக்குப் போய் முந்நூறு பையன்களோடு வரிசையில் நின்றாய், எண் எழுதிய சட்டையைக் கழற்றாமல் வீட்டுக்கு வந்தாய். ஜனவரியில் மாநிலப் போட்டிக்கு மூன்று மாத ஒப்பந்தம், அது முடிந்தால் டி டிவிஷன், அதில் முதல் சுற்றோடு அணி வெளியேறினால் அப்புறம் கையில் ஒன்றும் இல்லை. எத்தனையோ கிளப் ஆடி, விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான் மேலே போகும் போட்டி அது. அந்தச் சும்மா இருக்கும் மாதங்களில் நீ மாமாவோடு போய் சிமெண்ட் மூட்டை தூக்கினாய். காலையில் இருட்டோடு எழுந்து அணைக்கரையில் ஓடிவிட்டு, அப்புறம் மூட்டை. ஒரு நாளும் சலித்துக்கொண்டதில்லை. கோபா தோ பிரசீல் தேசியக் கோப்பையில் அந்தப் பெரிய கிளப் உங்கள் ஊருக்கு வந்த ராத்திரி, அவர்களுடைய பத்தாம் எண்காரனை நீ தொண்ணூறு நிமிடமும் திரும்ப விடவில்லை. ஆட்டம் முடிந்ததும் அவனே வந்து உன் ஜெர்சியைக் கேட்டான். பதிலுக்கு அவன் கழற்றிக் கொடுத்த ஜெர்சி இப்போதும் அப்பா அலமாரியில்தான் இருக்கிறது. நம் ஊர் டிரேஸி கிளப்புக்காக உயிரை விடுகிற மனிதர், அந்தக் கிளப்பின் சேவல் ஜெர்சியை அதற்குக் கீழே மடித்து வைத்திருக்கிறார்.

அப்பா எப்போதும் பவுலினோ கதையைச் சொல்வார், உனக்கு மனப்பாடம். லிதுவேனியாவிலும் போலந்திலும் பட்ட பாட்டில் இருபது வயதில் ஆட்டமே வேண்டாம் என்று வீட்டுக்கு வந்தவன். சாவோ பாலோவின் கீழ் டிவிஷனில் திரும்பத் தொடங்கி, கொரிந்தியன்ஸோடு 2012-ல் லிபர்டடோரஸ் கோப்பையை வென்று, 2017-ல் பார்சிலோனாவுக்கே போனான். அவனும் உன் இடத்தில் ஆடியவன்தான். அப்பா இந்தக் கதையைச் சொல்லும்போது நான் மறுத்துப் பேசியதில்லை. ஆனால் நாட்டின் கால்பந்துச் சம்மேளனமான சி.பி.எஃப். 2016-ல் வெளியிட்ட கணக்கையும் நான் மறக்கவில்லை. அப்போது நாட்டில் 28,000 பேருக்கு மேல் தொழில்முறை ஆட்டக்காரர்கள், அதில் 82 சதவீதம் பேருக்கு மாதச் சம்பளம் ஆயிரம் ரியாலுக்குள்தான். நீ பவுலினோ ஆகவில்லை என்று இந்த வீட்டில் யாருக்கும் வருத்தம் இல்லை. நீ வேலை செய்து சாப்பிடுகிறாய், அந்த வேலை கால்பந்தாக இருக்கிறது.

உன்னிடம் எனக்குப் பிடிக்காதது ஒன்றுதான், நீ மறைக்கிறாய். மரன்யாவோவில் முட்டி கிழிந்ததை எத்தனை நாள் மறைத்தாய்! ஊசி போட்டுக்கொண்டு ஆடினாய். கடைசியில் தெரிந்தபோது எல்லாருக்கும் செலவு இரண்டு மடங்கானது. அம்மா பயப்படுவாள் என்று மறைத்தேன் என்றாய். நான் எல்லாவற்றுக்கும் பயப்படுகிறவள்தான். ஆனால் தெரியாமல் கிடக்கும்போதுதான் அதிகம் பயப்படுகிறேன்.

ஒவ்வொரு ஜனவரியும் பி.ஐ.டி. பட்டியலில் உன் பெயர் ஏறுகிறதா என்று போனில் தேடித் தேடிப் பார்ப்பேன், உனக்கே தெரியும். அந்தப் பட்டியலில் பெயர் வந்தால்தான் மைதானத்துக்குள் கால் வைக்கலாம். கிளப்பின் பெயர் மாறும், ஊர் மாறும், உன் பெயர் மட்டும் எழுத்துப் பிசகாமல் வந்துவிடும். அதைப் பார்த்த பிறகுதான் அந்த மாதம் நான் நிம்மதியாகக் கடையைத் திறப்பேன். அந்தப் பெயரை நாலாயிரத்துக்கு யாரும் வாங்கக்கூடாது. நாற்பதாயிரத்துக்கும் கூடாது.

நான் விசாரித்து வைத்திருப்பதையும் எழுதிவிடுகிறேன். 2023-ல் வந்த விளையாட்டுச் சட்டப்படி, இரண்டு மாதச் சம்பளம் பாக்கி வைத்தாலே ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு வெளியே வரலாம், முன்பு அதற்கு மூன்று மாதம் ஆக வேண்டும். உனக்கு இப்போது மேயும் ஜூனும் பாக்கி. ஆட்டக்காரர் சங்கத்தில் வக்கீல் இருப்பார், போய்ப் பார். அந்தக் கோயானியா வழக்கில் நடந்ததை ஒளிக்காமல் ஒப்புக்கொண்ட சில பையன்களை அரசு வழக்கறிஞர்கள் சாட்சியாக எடுத்துக்கொண்டார்கள். அவர்கள் அபராதம் கட்டினார்கள், கொஞ்ச காலம் ஆடாமல் உட்கார்ந்தார்கள். சிறை இல்லை. இதை ஏன் எழுதுகிறேன் என்று கேட்காதே. தெரிந்து வைத்துக்கொள், உன் நண்பர்களில் யாருக்காவது தேவைப்பட்டால் சொல்.

ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் இருக்கிறது. உனக்கு மனசு சரியில்லை என்றால் ஆடாதே. கணுக்கால் வலி என்று பயிற்சியாளரிடம் சொல்லி வெளியே உட்கார். ஆடுவதாக இருந்தால், அந்தக் கோபா ராத்திரி ஆடியதுபோல ஆடு. நடுவே வேறு எதுவும் வேண்டாம். சாப்பிடு. அந்த போனைத் தூக்கி எறிந்தாலும் பரவாயில்லை, புது நம்பர் வாங்கிக்கொள், முதலில் எனக்குச் சொல்.

மாமாவுக்குப் பெரிய வேலை ஒன்று கிடைத்திருக்கிறது, இரண்டு மாடி வீடு, கிறிஸ்துமஸ் வரை ஓடும், ஆள் போதவில்லை என்கிறார். லாரிக்காரர் திங்கட்கிழமை காலையில் அதே வழியாகத் திரும்புகிறார், முன் சீட்டு காலிதான். உன்னிடம் கேட்டுப் பார்க்கச் சொல்லியிருக்கிறேன். வருவதாக இருந்தால் அவரிடம் சொன்னால் போதும், எனக்குத் தனியாகச் சொல்ல வேண்டாம். அப்பாவிடம் நான் எதையும் சொல்லவில்லை, பணம் வந்ததைக்கூடச் சொல்லவில்லை. அது வங்கியில் அப்படியே இருக்கிறது, ஒரு ரியால் எடுக்கவில்லை. எந்தக் கணக்குக்குத் திருப்பி அனுப்ப வேண்டும் என்று மட்டும் எழுது. காரணம் எழுத வேண்டாம்.

அம்மா