டாரிஃப் செய்தியோட ஸ்பேர் பார்ட்ஸ் கதையும் போடுங்க

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

அமெரிக்கா டாரிஃப் (இறக்குமதி வரி) போட்டா திருப்பூர் பனியனுக்கு என்ன ஆகும், தூத்துக்குடி இறாலுக்கு என்ன ஆகும்னு உங்க பேப்பர்ல விலாவாரியா வருது, நல்ல விஷயம். ஆனா வண்டிக்குள்ள இருக்க எலக்ட்ரானிக்ஸ் பத்தி யாரும் எழுத மாட்டேங்காங்க. நான் வண்ணார்பேட்டை பக்கம் ஆட்டோ எலக்ட்ரிக்கல் வேலை பாக்கேன், அதான் எழுதுதேன்.

2025 மே 3ல இருந்து வெளிநாட்டு கார் பார்ட்ஸுக்கு அமெரிக்கா 25 சதவீதம் வரி போட ஆரம்பிச்சுது, அது ஏற்றுமதி பண்றவங்க பாடு. நமக்கு அடி வந்தது வேற பக்கம். அதுக்கு முன்னாலயே, அமெரிக்கா-சீனா டாரிஃப் சண்டையில, அதே வருஷம் ஏப்ரல் 4ம் தேதி சீனா ரேர் எர்த்துங்கிற அரிய மண் தனிமங்கள்ல ஏழுக்கும் அதுல செய்யுத காந்தத்துக்கும் லைசென்ஸ் வாங்காம ஏற்றுமதி கிடையாதுன்னு சொல்லிட்டு. எலக்ட்ரிக் ஸ்கூட்டர் மோட்டர், பவர் ஸ்டீயரிங் மோட்டர் எல்லாம் இந்தக் காந்தத்துலதான் ஓடுது, சூட்டுல பவர் குறையாம இருக்க டிஸ்ப்ரோசியம், டெர்பியம் சேப்பாங்க, அந்த ரெண்டும் லிஸ்ட்ல இருக்கு. ஜப்பான்ல சுசுகி ஸ்விஃப்ட் உற்பத்தியவே கொஞ்ச நாள் நிறுத்துனாங்க, இங்க பஜாஜ் எலக்ட்ரிக் ஸ்கூட்டர் உற்பத்திய குறைச்சாங்க.

அப்புறம் அக்டோபர்ல, கார்களுக்கு சிப் செய்யுத நெக்ஸ்பீரியா கம்பெனி பிரச்சனை. கம்பெனி நெதர்லாந்துல, ஓனர் சீனாக்காரங்க, டச்சு அரசாங்கம் கம்பெனிய தன் கண்ட்ரோல்ல எடுத்ததும் சீனா தன் நாட்டுல பேக்கிங் ஆகுத சிப்ப வெளிய விடல, மெக்சிகோல ஹோண்டா ப்ளாண்டே நின்னு போச்சு. இத்தனைக்கும் அது சாதா டயோடு, டிரான்சிஸ்டர்தான். லென்ஸ் வச்சுப் பாத்தா போர்டுல எள்ளு கணக்கா ஒட்டிக்கிட்டு இருக்கும், விலையும் சொற்பம். வேற கம்பெனி டயோட மாட்டிர வேண்டியதுதானேன்னா, கார் கம்பெனி அத டெஸ்ட் பண்ணி அப்ரூவ் பண்ணவே மாசக்கணக்கா ஆகும்.

முன்னீர்பள்ளத்துல இருந்து பால் ஊத்துத அண்ணாச்சி ஒருத்தர் எலக்ட்ரிக் ஸ்கூட்டர தள்ளிக்கிட்டே கொண்டாந்தாரு. மோட்டர் நல்லாருக்கு, பேட்டரி நல்லாருக்கு, மோட்டருக்கு கரண்ட அளந்து விடுத எலக்ட்ரானிக் போர்டு, கன்ட்ரோலர்னு சொல்லுவோம், அது கருகிட்டு. தொறந்தா உள்ள முழுக்க ரெசின் ஊத்தி அடைச்சிருக்காங்க, ஒரு பார்ட்ட மாத்தக்கூட வழியில்ல. ஷோரூம்ல கேட்டா ஸ்டாக் வரலங்காங்க. வண்டி நிக்குது, லோன் தவணை மட்டும் மாசாமாசம் போகுது. அவரு முகத்தப் பாக்க எனக்கே சங்கடமா இருந்துச்சு.

இவ்வளவுக்கும் மணவாளக்குறிச்சில மத்திய அரசு கம்பெனி ஐஆர்இஎல் கடற்கரை மணல்ல இருந்து மோனசைட்ங்கிற ரேர் எர்த் தாதுவ பிரிக்காங்க, உவரி பக்கமும் தாது மணல் கெடக்கு. அதுல இந்தக் காந்தத்துக்கு முக்கியமான நியோடிமியம் இருக்கு (டிஸ்ப்ரோசியம் ரொம்ப கம்மி, அதையும் சொல்லிரணும்). ஆனா மணல அள்ளுனா காந்தம் ஆயிராது, தனிமத்தப் பிரிச்சு, உலோகமாக்கி, பொடிச்சு, அழுத்தி, சுடணும், அந்த வேலை பெரும்பாலும் சீனா கையிலதான் இருக்கு. 2025 நவம்பர்ல மத்திய அரசு வருஷத்துக்கு 6,000 டன் காந்தம் செய்ய 7,280 கோடி ரூவா ஸ்கீம் ஒண்ணு அறிவிச்சிருக்கு, அஞ்சு கம்பெனி வரைக்கும் எடுக்கலாம். அதுல ஒண்ணாவது கங்கைகொண்டானுக்கோ, வின்ஃபாஸ்ட் கார் அசெம்பிள் பண்ற தூத்துக்குடிக்கோ வரணும். ஆனா அத சாக்கா வச்சு கடற்கரைய மறுபடி தோண்ட விடக்கூடாது, 2013ல தாது மணல் அள்ள தடை வந்தது சும்மா இல்ல.

ப்ளாண்ட் வர வருஷம் ஆகும், அது வரைக்கும் ஒண்ணு செய்யலாம். வித்த வண்டிக்கு கன்ட்ரோலர் இத்தனை வருஷம் ஸ்டாக் இருக்கணும், ரிப்பேர் பண்ற மாதிரி செய்யணும்னு கம்பெனிகளுக்கு அரசு கட்டாயம் போடட்டும். பேட்டை ஐடிஐ பிள்ளைகளுக்கு போர்டு ரிப்பேர் சொல்லிக் குடுக்கட்டும். நம்ம எம்.பி.கிட்ட உங்க நிருபர் இத ஒரு வார்த்தை கேட்டு, என்ன சொன்னாருன்னு பேப்பர்ல போடுங்க.

இப்படிக்கு,
ஆட்டோ எலக்ட்ரீஷியன் ஒருத்தர், வண்ணார்பேட்டை, திருநெல்வேலி