அதிபர் நியமன வழக்குகளும் வன்னிப் பாடசாலைகளும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வன்னியில் ஒரு பாடசாலையின் அதிபர் ஓய்வுபெற்றால் அடுத்து நடக்கப்போவதை ஊரார் இப்போது முன்கூட்டியே சொல்லிவிடுகிறார்கள். ஒருவர் பதில் கடமைக்கு வருவார், இன்னொருவர் வழக்குப் போடுவார், பெற்றோர் படலையைப் பூட்டிவிட்டு ஆர்ப்பாட்டம் செய்வார்கள். வழக்குப் போட்டவரைப் பதவி ஆசை பிடித்தவர் என்று ஏசுவதும் வழமையாகிவிட்டது. அந்த ஏச்சு பெரும்பாலும் தவறான ஆளின் மீதே விழுகிறது என்பது என் கருத்து.

அரச சேவையில் ஓய்வு வயது 60. அதிபரின் பிறந்த திகதி அவரது சுயவிபரக் கோவையிலேயே இருப்பதால், எந்தப் பதவி எப்போது வெற்றிடமாகும் என்பது கல்வி அலுவலகத்துக்குப் புதினமல்ல. இருந்தும் உரிய காலத்தில் விண்ணப்பம் கோராமல், ‘மறு அறிவித்தல் வரை’ என்ற கடிதத்துடன் ஒருவரை அமர்த்திவிடுகிறார்கள். அவர் ஆசிரியர் சேவையிலிருந்து வந்த கடமை நிறைவேற்று அதிபராகவும் இருக்கலாம். கணிதத்துக்கு ஆசிரியர் இல்லாத பாடசாலையை அவர் சில ஆண்டுகள் எப்படியோ இழுத்துக்கொண்டு போன பின்னர், இலங்கை அதிபர் சேவையில் தரம் பெற்ற ஒருவர் நியமனக் கடிதத்துடன் வந்து நிற்கிறார். இருவர் பக்கமும் நியாயம் உண்டு. அவர்களை மோதவிட்டது அந்த ‘மறு அறிவித்தல் வரை’தான்.

1987ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டப்படி மாகாணப் பொதுச் சேவையில் நியமன, இடமாற்ற அதிகாரம் ஆளுநருக்குரியது. அதை அவர் மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழுவிடம் கையளிக்கலாம். ஆணைக்குழுவின் முடிவை மாற்றவும் நீக்கவும் அவரால் முடியும். வட மாகாண சபையின் காலம் 2018 ஒக்டோபரில் முடிந்த பின்னர், இவற்றைச் சபையில் எழுப்ப மக்கள் பிரதிநிதிகளும் இல்லை. ஆகவே மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை மனு (நிர்வாக முடிவொன்றை இரத்துச் செய்யவோ, செய்யவேண்டியதைச் செய்விக்கவோ கோரும் ‘றிட்’ மனு) அல்லது உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு என்பதைத் தவிர வேறு வழி தெரிவதில்லை.

எழுத்தாணை வழக்கில் நீதிமன்றம் இருவரில் யார் சிறந்த அதிபர் என்று தேடுவதில்லை. முடிவெடுத்தவருக்கு அதிகாரம் இருந்ததா, ஒழுங்குவிதி பின்பற்றப்பட்டதா, பாதிக்கப்பட்டவரின் பக்கம் கேட்கப்பட்டதா என்றே பார்க்கும். மனுதாரர் வென்று நியமனம் இரத்தானாலும் கோவை பெரும்பாலும் திரும்பிப் போவது அதே திணைக்களத்தின் மேசைக்குத்தான். அங்கே மீண்டும் நேர்முகத் தேர்வு. சில வேளை மீண்டும் வழக்கு.

எங்கள் பகுதிப் பாடசாலை ஒன்றில் புதியவரிடம் நியமனக் கடிதம் இருந்தது. அலுமாரித் திறப்பும் சம்பவத் திரட்டுப் புத்தகமும் முன்னவரிடம் இருந்தன. பாடசாலை அபிவிருத்திச் சங்கத்தின் காசோலையில் யாருடைய கையெழுத்தை ஏற்பது என்று வங்கி கேட்டதால், தண்ணீர்த் தாங்கியின் திருத்த வேலை தள்ளிப்போனது. விடுகைப் பத்திரம் கேட்டு வந்த பழைய மாணவியும், தேசிய அடையாள அட்டை விண்ணப்பத்துடன் நின்ற பதினைந்து வயதுப் பையனும் வெறுங்கையோடு திரும்பினார்கள். நகரத்துப் பெரிய பாடசாலை இத்தகைய இழுபறியைப் பழைய மாணவர் சங்கத்தின் பலத்தில் தாண்டிவிடும். துணுக்காயிலோ நெடுங்கேணியிலோ உள்ள சிறு பாடசாலைக்கு அந்தப் பலம் ஏது?

இடமாற்றச் சிக்கல் இதற்கு மறுதலையானது. அதிகஷ்டப் பிரதேசத்தில் உரிய காலம் பணியாற்றிய அதிபரைப் பதிலாள் இல்லையென்று விடுவிக்க மறுப்பார்கள். செல்வாக்குள்ளவரோ வந்த பெட்டியை அவிழ்க்காமலே திரும்பிவிடுவார்.

வெற்றிடம் ஏற்படுவதற்கு ஆறு மாதம் முன்பே விண்ணப்பம் கோரி, புள்ளித் திட்டத்தை அதனுடனும், பெற்ற புள்ளிகளை நேர்முகத் தேர்வு முடிந்த கையோடும் வெளியிட வேண்டும். இன்று அப்புள்ளிகளைப் பார்ப்பதற்கே 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்துக் காத்திருக்க வேண்டியிருக்கிறது. அடிப்படை உரிமை மனுவுக்குரிய ஒரு மாத அவகாசம் அதற்குள் கரைந்துவிடுகிறது. பதில் கடமைக் கடிதத்தில் முடிவுத் திகதி இருக்க வேண்டும். வழக்கு நிலுவையில் உள்ளபோது காசோலையிலும் விடுகைப் பத்திரத்திலும் யார் ஒப்பமிடுவது என்பதை வலயக் கல்விப் பணிப்பாளர் முதல் வாரத்திலேயே எழுத்தில் அறிவிக்க வேண்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியர்,
ஒட்டுசுட்டான்.