இடிக்காமலே காலி செய்கிறீர்கள்

நகரத் திட்டம் தீட்டுவோருக்கு,

வணக்கம். புல்டோசர் வந்தால் கேமராவும் வரும், சில சமயம் நீதிமன்றத் தடையும் வரும். நான் எழுதுவது புல்டோசர் வராத தெருக்களைப் பற்றி. அங்கே ஒரு பூங்கா வருகிறது, மெட்ரோ நிலையம் வருகிறது. நல்லவைதான். ஆனால் திறப்பு விழா முடிந்த கையோடு வாடகை ஏறுகிறது. வீட்டுக்காரர் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்க மறுக்கிறார். குடியிருந்த குடும்பம் பெட்டி படுக்கையைக் கட்டிக்கொண்டு போய்விடுகிறது. உங்கள் கோப்பில் இது வெளியேற்றமே இல்லை.

லண்டனின் தொழிலாளர் குடியிருப்புகள் வசதியானவர்கள் கைக்கு மாறுவதைக் கவனித்த சமூகவியலாளர் ரூத் கிளாஸ், 1964இலேயே இதற்கு 'ஜென்ட்ரிஃபிகேஷன்' என்று பெயர் வைத்துவிட்டார். நியூயார்க்கில் கைவிடப்பட்ட ரயில் தடம் ஒன்று 2009இல் ஹை லைன் பூங்காவாகத் திறக்கப்பட்டது. அதைத் தொடங்கிய இருவரில் ஒருவரான ராபர்ட் ஹாமண்ட், பூங்கா எப்படி இருக்க வேண்டும் என்று கேட்டதற்குப் பதில், அக்கம்பக்கத்து ஏழைகளுக்கு என்ன செய்யலாம் என்று கேட்டிருக்க வேண்டும் எனப் பின்னாளில் ஒப்புக்கொண்டார். இந்த நேர்மை அபூர்வம்.

நீங்களும் கருத்துக்கேட்புக் கூட்டம் நடத்துகிறீர்கள். பெரும்பாலும் வேலை நாளில், பட்டப்பகலில். (கூலியை விட்டுவிட்டு யார் வருவார்கள்?) வந்தவர்கள் முன் விரிக்கப்படுவதோ முடிவாகிவிட்ட வரைபடம். மரத்தை எங்கே நடலாம் என்பது மட்டும்தான் அவர்களிடம் கேட்கப்படுகிறது.

இடிக்கும் இடங்களில் மாற்று வீடு தருகிறோமே என்பீர்கள். சரி, யாருக்கு? பத்திரம் வைத்திருப்பவருக்கு. வாடகைக்கு இருப்பவர், உள்வாடகைக்கு இருப்பவர், நடைபாதையில் கடை போட்டவர் எல்லாம் அநேகமாகக் கணக்கிலேயே வருவதில்லை. அப்படியே கிடைத்தாலும் வீடு ஊர்க்கோடியில். நாலு வீட்டில் வேலை செய்யும் பெண்ணுக்கு, நடந்து போய்விடும் தூரம் என்பதே ஒரு வருமானம். இனி அது பஸ்ஸுக்குப் போகும். அவள் வரும்வரை குழந்தையைப் பார்த்துக்கொண்ட பக்கத்து வீட்டம்மாவும் இருக்க மாட்டார். இதற்கெல்லாம் எந்த இழப்பீட்டுப் பட்டியலிலும் ஒரு வரி கிடையாது.

வேறு வழியே இல்லை என்று மட்டும் சொல்லாதீர்கள். ஆஸ்திரியத் தலைநகர் வியன்னாவில் ஏறத்தாழப் பாதிப் பேர் நகராட்சி வீடுகளிலோ மானிய வீடுகளிலோ இருக்கிறார்கள். அமெரிக்காவில் பாஸ்டனின் டட்லி தெருவில் 1988இல், தரிசாகக் கிடந்த தனியார் மனைகளைக் கையகப்படுத்தும் அதிகாரமே குடியிருப்போர் அமைப்புக்குக் கிடைத்தது. அந்த நிலம் இன்று, குடியிருப்போர் சார்பில் அதை விற்காமல் வைத்திருக்கும் சமூக அறக்கட்டளையிடம் இருக்கிறது.

நான் கேட்பது இரண்டுதான். கோடு போடுவதற்கு முன்பு, பத்திரம் இருக்கிறதா என்று பார்க்காமல் அங்கே தூங்கி எழும் அத்தனை பேரையும் எண்ணுங்கள். அப்புறம், பூங்கா திறந்த ஐந்தாம் ஆண்டில் அதே பட்டியலோடு போய், அவர்களில் எத்தனை பேர் இன்னும் அங்கே இருக்கிறார்கள் என்று வெளியிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாடகைதாரர்