கரி பூசிய நகைச்சுவை

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நிறத்தையும் இனத்தையும் வைத்து நகைச்சுவை செய்வதை அடியோடு நிறுத்த வேண்டும் என்று தங்கள் நாளிதழில் அண்மையில் வாசகர் ஒருவர் எழுதியிருந்தார். அவருடைய ஆதங்கம் நியாயமானது. அவர் சொல்லும் தீர்வுதான் எனக்கு உடன்பாடாக இல்லை.

எங்கள் கோத்தகிரிப் பக்கத்துப் பள்ளி விழாவொன்றில், உடம்பெல்லாம் கரி பூசி, இடுப்பில் தழை கட்டி, பொருளற்ற ஒலிகளைக் கூவியபடி 'காட்டுவாசி' வேடத்தில் பிள்ளைகளை ஆடவிட்டார்கள். இருளர், குறும்பர் ஆகிய பழங்குடியினர் வீட்டுப் பிள்ளைகளும் சீருடையோடு முன்வரிசையில் உட்கார்ந்து அதைப் பார்த்தார்கள். இதை நிறுத்தத்தான் வேண்டும்.

ஆனால் கேலிக்கு ஆளானவரே பேசும்போது நகைச்சுவை வேறு வேலை செய்கிறது. 1964-ஆம் ஆண்டின் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கையிலிருந்து இந்திய வம்சாவளியினர் 5,25,000 பேரை ஏற்க இந்தியா இசைந்தது. வந்தவர்களில் பல குடும்பங்கள் நீலகிரித் தேயிலைத் தோட்டங்களில் குடியமர்த்தப்பட்டன. அப்படி வந்த பெரியவர் ஒருவர் தேநீர்க் கடையில் சொல்வார்: "அங்கே இருந்தவரைக்கும் இந்தியாக்காரன், இங்கே வந்ததும் சிலோன்காரன். கப்பலில் வந்தபோது மட்டும் யாரும் எதுவும் சொல்லவில்லை. எல்லாரும் வாந்தி எடுத்துக்கொண்டிருந்தார்கள்." அதுவரை அவரைக் கூசாமல் 'சிலோன்காரர்' என்று அழைத்தவர்கள்தாம் முதலில் சிரிப்பார்கள். அதன் பிறகே, சாதிச் சான்றிதழுக்காக அவருடைய பேரன் அலையும் கதையைக் காதுகொடுத்துக் கேட்பார்கள். அதையே அவர் முறையீடாகத் தொடங்கியிருந்தால் பாதிப் பேர் டீயைக் குடித்துவிட்டு எழுந்து போயிருப்பார்கள்.

அமெரிக்காவில் கறுப்பின நகைச்சுவையாளர் டிக் கிரிகரி 1961-இல் சிகாகோ நகரில் வெள்ளையர் கூட்டத்தின் முன்னால் நின்று நிறவெறியைப் பகடி செய்துதான் நாடறியப் பெயர் பெற்றார். பின்னர்க் குடிமை உரிமைப் போராட்டங்களில் சிறைக்கும் சென்றார். இருந்தாலும், பேசுபவர் பாதிக்கப்பட்டவர் என்பது மட்டுமே போதாது. கறுப்பரான அமெரிக்க நகைச்சுவையாளர் டேவ் சாப்பல், தம் தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பில் கறுப்புச் சாயம் பூசிய வேடத்தைப் பார்த்து வெள்ளையர் ஒருவர் சிரித்த விதம் தம்மை உறுத்தியதாகப் பின்னர்ச் சொன்னார். 2005-இல் அவர் தொடரையே விட்டு விலகியதற்கு அதுவும் ஒரு காரணம். நம் திரைப்பட நகைச்சுவையாளர்களில் யாரும் அப்படி எழுந்து போனதாக எனக்கு நினைவில்லை.

ஆகவே, மே மாதக் கோடை விழா மேடையில் ஒரு மாலைப் பொழுதையேனும் தோட்டத் தொழிலாளர் வீட்டு இளைஞர்களுக்கும் பழங்குடி இளைஞர்களுக்கும் மாவட்ட நிர்வாகம் ஒதுக்க வேண்டும் எனக் கேட்டுக்கொள்கிறேன். சுற்றுலாப் பயணிகள் தங்களிடம் கேட்கும் கேள்விகளை வைத்தே அவர்கள் ஒரு மணி நேரம் தாராளமாகப் பேசுவார்கள்.

தங்கள் வாசகர்,
கோத்தகிரி, நீலகிரி மாவட்டம்.