படிவம் 26-ஐப் படிக்கும் விதம்

அன்புள்ள கயல்,

"எல்லாரும் ஒரே குட்டையில் ஊறின மட்டைதான், யாரை நம்பி ஓட்டுப் போடறது?" என்று போனில் கேட்டாயே. நம்புவதை அப்புறம் வைத்துக்கொள்ளலாம். அவர்களே கையெழுத்துப் போட்டுக் கொடுத்த காகிதம் ஒன்று இருக்கிறது, முதலில் அதைப் படி.

வேட்பாளர் தன் சொத்து, கடன், வருமானம், வழக்குகளை எழுதி வேட்புமனுவோடு தரும் பிரமாணப் பத்திரம்தான் படிவம் 26. 2002-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவு போட்டதால் வந்தது. அதற்குக் கடிவாளம் போட மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தில் நாடாளுமன்றம் கொண்டுவந்த 33பி பிரிவையும் 2003-ல் நீதிமன்றம் ரத்து செய்தது. மற்ற எதிலும் ஒத்துப்போகாத கட்சிகள் இதை எதிர்ப்பதில் மட்டும் ஒன்றாக நின்றன!

தேர்தல் ஆணையத் தளத்தில் தொகுதியைத் தேர்ந்தெடுத்தால் பத்திரம் முழுவதும் கிடைக்கும். ஆனால் அதில் உள்ளது உண்மையா என்று யாரும் சரிபார்ப்பதில்லை. பரிசீலனையன்று தேர்தல் நடத்தும் அலுவலர் பார்ப்பதெல்லாம் எல்லாக் கட்டமும் நிரம்பியிருக்கிறதா என்பதைத்தான். 2013-ல் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்புக்குப் பிறகு கட்டத்தை வெற்றாக விட முடியாது, 'இல்லை' என்றாவது எழுத வேண்டும். பொய்யான 'இல்லை'யும் அந்த மேஜையைத் தாண்டிவிடும்.

அதனால் ஒரே ஆள் இரண்டு தேர்தல்களில் கொடுத்த பத்திரங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படி. மொத்தச் சொத்து 2 கோடியிலிருந்து 6.5 கோடியானது என்று வைத்துக்கொள். உடனே கொதிக்காதே. பழைய நிலமே விலை ஏறியிருக்கலாம். சர்வே எண்ணை ஒப்பிட்டு, இரண்டிலும் இருக்கிற நிலத்தின் விலையேற்றத்தைக் கழி. அது 1.5 கோடி என்றால், கூடிய 4.5 கோடியில் மீதி 3 கோடி. கணவன், மனைவி இருவரின் ஐந்து வருட வருமானமும் அதிலேயே இருக்கும். அது 80 லட்சம், புதிதாக ஏறிய கடன் 60 லட்சம் என்றால், ஐந்து வருடம் பச்சைத் தண்ணீர் குடித்து வாழ்ந்திருந்தாலும் 1.6 கோடிக்குக் கணக்கு இல்லை. அதைத்தான் கேட்க வேண்டும்.

சொத்து குறைந்திருந்தாலும் விடாதே. பத்திரத்தில் 'சார்ந்திருப்பவர்' சொத்தும் வரும்; ஆனால் தனி வருமானம் இல்லாமல் வேட்பாளரை நம்பி வாழ்பவர்தான் 'சார்ந்திருப்பவர்'. மகன் தொழில் தொடங்கிவிட்டால் அவன் பெயரில் உள்ளது பத்திரத்துக்குள் வராது. போன தடவை இருந்து இந்தத் தடவை காணாமல் போன சர்வே எண்ணை எடுத்து, பதிவுத்துறைத் தளத்தில் வில்லங்கம் பார். பார்க்கக் காசு கட்ட வேண்டாம். யாருக்குக் கைமாறியது என்று வந்துவிடும். உட்பிரிவு எண்ணை விட்டுவிட்டால் வேறு யாருடைய நிலத்தையோ பார்த்துக்கொண்டிருப்பாய்.

வழக்குகளில் எண்ணிக்கையை விடப் பிரிவுதான் முக்கியம். மறியல் செய்தவர் மேல் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 143 (சட்டவிரோதமாகக் கூடியது), 188 (அரசு உத்தரவை மீறியது) என்று பத்து வழக்கு இருக்கலாம், அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டேன். மோசடிக்கான 420 ஒன்று இருந்தாலும், நீதிமன்றத்தில் குற்றச்சாட்டு பதிவாகிவிட்டதா என்று பார். 2024 ஜூலை முதல் புதிய சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா என்பதால், அதற்குப் பிறகு நடந்த மோசடிக்கு 318 என்று இருக்கும்.

பொய் அம்பலமானால் என்ன ஆகும் என்பதுதான் வயிற்றெரிச்சல். மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 125ஏ பிரிவில் அதிகபட்சம் ஆறு மாதச் சிறை, அல்லது வெறும் அபராதம். தகுதியிழப்புக்கு உரிய குற்றங்களின் பட்டியலில் அந்தப் பிரிவு இல்லை. தண்டனை பெற்றாலும் அதற்காகப் பதவி போகாது.

பதவியைப் பறிக்கத் தேர்தல் மனுதான் வழி. முடிவு அறிவித்த 45 நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில் போட வேண்டும், 2,000 ரூபாய் டெபாசிட். தொகுதி வாக்காளர் யாரும் போடலாம். கோவை மாவட்டம் தேக்கம்பட்டி ஊராட்சித் தலைவர் ஒருவர் வழக்குகளை மறைத்ததால் 2006-ல் பெற்ற வெற்றி செல்லாமல் போனது. அப்படி மறைப்பது வாக்காளர் மேல் செலுத்தும் முறையற்ற செல்வாக்கு, ஊழல் நடவடிக்கை என்று 2015-ல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. ஆனால் ஒவ்வொரு அசையும் பொருளையும் காட்டத் தேவையில்லை என்று 2024-ல் அருணாசலப் பிரதேச எம்.எல்.ஏ. வழக்கில் அதே நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதனால் விட்டுப்போன ஸ்கூட்டரைத் தேடி நேரத்தை வீணாக்காதே, நிலத்தையும் வழக்கையும் பார்.

உன் தொகுதிக்காரரின் பழைய பத்திரத்தை இன்றே இறக்கி வைத்துக்கொள். கழித்துப் பார்த்து என்ன மிஞ்சியது என்று ஞாயிற்றுக்கிழமை பேசும்போது சொல்.

அன்புடன்,
அப்பா