தீக்குச்சியும் சத்தமும்

மஸ்கெலியா,
ஆடி மாதம்.

அன்பின் மச்சான்,

உன் கடிதம் வந்து மூன்று கிழமையாகிறது, மன்னித்துக்கொள். சிவனொளிபாதமலை யாத்திரைப் பருவம் வெசாக்கோடு முடிந்ததிலிருந்து இங்கே மழையும் அட்டையும்தான். வீட்டில் எல்லோரும் சுகம்.

அந்தக் குறும்படத்தை முடித்துவிட்டேன். ஒன்பது நிமிடம். மேல் மலையில், தேயிலைச் செடியை வெட்டிவிடும் கவ்வாத்து வேலைக்குரிய கவ்வாத்துச் சாமிக்கு வெள்ளிக்கிழமைதோறும் விளக்கு வைக்கும் தாத்தாவைப் பற்றியது. தேயிலைக்கு நடுவே மஞ்சள் பூசிய ஒரு கல், பக்கத்தில் துருப்பிடித்த கவ்வாத்துக் கத்தி, அவ்வளவுதான் கோயில். கேமராவை நிறுத்திவிட்டு நான் விலகிப் போய்விட்டேன். தீப்பெட்டி நமுத்துப்போயிருந்தது. குச்சியைத் தலைமுடியில் தேய்த்துத் தேய்த்து உரசுகிறார். ஐந்தாவது குச்சிதான் பற்றியது. நடுவில் குனிந்து, காலில் ஏறிய அட்டையைப் பிடுங்கி எறிந்துவிட்டுக் கும்பிடுகிறார். அதை நான் வெட்டவில்லை.

ஒலியை மட்டும் முழுவதும் எடுத்துவிட்டேன். அமெரிக்கப் பரீட்சார்த்தப் பட இயக்குநர் நேதனியல் டோர்ஸ்கி மீது எனக்கிருக்கும் பித்து உனக்குத் தெரியுமே. அவருடைய பெரும்பாலான படங்களில் சத்தமே கிடையாது. வழக்கமான நொடிக்கு 24 பிரேம் என்பதை 18 ஆகக் குறைத்து ஓட்டுகிறவர். 2003இல் வந்த 'டிவோஷனல் சினிமா' என்ற சின்னப் புத்தகத்தில் அவர் பக்தி என்று சொல்வது சாமிப் படத்தை அல்ல, பார்க்கிறவன் மனத்தைப் படம் திறந்துவிடும் விதத்தை.

தாத்தாவிடம் போட்டுக் காட்டினேன். கடைசிவரை பார்த்துவிட்டு, "நான் பேசியது எங்கே சேர்?" என்றார்.

அன்றிரவே ஒலியைத் தனியாகக் கேட்டேன். பேத்தியின் பரீட்சை, ஒழுகும் கூரைத் தகரம், மழையை நிறுத்தாத சாமிக்கு நல்ல ஏச்சு என்று ஒன்பது நிமிடமும் மனிதர் ஓயவில்லை. நான் படத்துக்கு 'தனிமை' என்று பெயர் வைத்திருந்தேன்! வெட்கமாகப் போய்விட்டது.

அமெரிக்கப் பட இயக்குநர் மாயா டெரன் 1947இல் ஹெயிட்டிக்குப் போய்ச் சடங்குகளைப் படமெடுத்தாரல்லவா? 1953இல் அதைப் பற்றிப் புத்தகம் எழுதினாரே தவிர, 1961இல் இறக்கும்வரை அந்தச் சுருள்களைப் படமாக முடிக்கவில்லை. அதை இத்தனை நாள் வீணடிப்பு என்றே நினைத்திருந்தேன். இப்போது அப்படிச் சொல்ல வாய் வரவில்லை.

ஒலியைச் சேர்த்தால் எல்லோரும் பேச்சைத்தான் கேட்பார்கள், தீக்குச்சியைப் பார்க்கமாட்டார்கள். எடுத்தால், சாமியிடம் அவர் சொன்னதை நான் விழுங்கியதாகிவிடும். இரண்டு பிரதியையும் பென் டிரைவில் அனுப்புகிறேன். சத்தமில்லாததை முதலில் பார். பழைய பெயரை எடுத்துவிட்டேன், நீ ஒன்று சொல்.

வருகிற வெள்ளி மறுபடி மலைக்கு ஏறுகிறேன். காய்ந்த தீப்பெட்டி ஒன்று கொண்டுவரச் சொல்லியிருக்கிறார்.

உன் பழைய வாங்குத் தோழன்