தேரி மண்ணும் நம் செம்மண்ணும்

பாலக்கோடு,
ஆனி 20.

அன்பு நண்பா,

நலம். உன் கடிதம் வந்தபோது நான் திருச்செந்தூர்ப் பக்கம் மருமகளின் ஊருக்குப் போயிருந்ததால் பதில் தாமதமாகிவிட்டது. கிருஷ்ணகிரியில் உன் மாந்தோப்பு இந்த ஆண்டு சரியாகக் காய்க்கவில்லை என்று படித்து வருந்தினேன். எங்கள் ஏரியும் வறண்டுதான் கிடக்கிறது.

அங்கே குதிரைமொழித் தேரி என்னும் செம்மணல் மேட்டை மூன்று நாள் நடந்து பார்த்தேன். கல்லூரியில் படித்தபோது, "தேரியும் நம் ஊரைப் போலச் செம்மண் பூமிதானே" என்று நீ கேட்டாய், நானும் ஆமென்றேன். அது தவறு. நம் செம்மண், அடியிலிருக்கும் பாறை இருந்த இடத்திலேயே சிதைந்து உண்டானது. தேரியோ, கரையோரத்து மணலைக் காற்று வாரிக் குவித்த மேடு. ஒவ்வொரு மணல் துகளின் மேலும் இரும்புத் துரு பூசினாற்போல் படிந்திருப்பதால்தான் அந்தச் சிவப்பு. ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியே வரும் தென்மேற்குக் காற்று இன்றும் மேல்மணலை நகர்த்துகிறது. காலையில் நான் பதித்த அடிச்சுவடு மாலையில் இல்லை.

ஊர்கள் அமைந்த விதத்தைப் பார்த்தபோதுதான் இந்த வேறுபாட்டின் முழுப்பொருள் எனக்கு விளங்கியது. நம் பக்கம் கரட்டில் விழும் மழை பாறையில் வழிந்தோடிவிடுவதால், அதை மறித்து ஏரி கட்டி, ஏரிக்குக் கீழே ஊரையும் வயலையும் வைத்தார்கள். கிணறு வேண்டுமானால் பாறைக்கு வெடி வைக்க வேண்டும். தேரியில் மழைநீர் பெரும்பாலும் ஓடுவதில்லை. மணல் அதைக் குடித்து, தாழ்ந்த இடத்தில் ஊற்றாக விடுகிறது. அருஞ்சுனை காத்த அய்யனார் கோயில் சுனையருகே நின்றபோது, சுற்றிலும் அத்தனை வறண்ட மணலுக்கு நடுவே அந்தக் குளிர்ச்சியை என்னால் நம்பவே முடியவில்லை. மேட்டின் மேல் உடைமரமும் முந்திரியும்தான். காயாமொழி போன்ற ஊர்கள் தேரியின் விளிம்பில் இருக்கின்றன.

அங்கே ஏரிப் பாசனத்தின் இடத்தைப் பனை பிடித்திருக்கிறது. நம் ஊர்ப் பெயர்கள் 'அள்ளி' என்று முடிவதுபோல அங்கே 'விளை' என்று முடிகின்றன. பனை நிற்கும் மணற்காட்டையே விளை என்கிறார்கள். சாத்தான்குளத்தை அடுத்த முதலூர், கிறிஸ்தவத்துக்கு மாறிய குடும்பங்கள் சேர்ந்து வாழ்வதற்காக 1799-இல் நிலம் வாங்கி உண்டாக்கப்பட்டது. ஆனால் மனிதர் தேரிப் பக்கம் வந்தது அதற்கெல்லாம் வெகு முன்பே. சாயர்புரம், மெஞ்ஞானபுரம் பகுதித் தேரிகளில் விரல்நகம் அளவேயான கற்கருவிகள் கிடைத்திருக்கின்றன.

உனக்காக உடன்குடிக் கருப்பட்டி இரண்டு கிலோ வாங்கி வைத்திருக்கிறேன். தேரி மணலும் ஒரு டப்பாவில் இருக்கிறது. வரும்போது உன் தோப்பு மண்ணில் ஒரு பிடி எடுத்து வா. இரண்டையும் உருப்பெருக்கியில் வைத்துப் பார்ப்போம்.

உன் அன்பு நண்பன்